கழுத்தறுத்தவர் யார்?

இந்த நினைவுக் கூட்டத்துக்குத் தலைமை ஏற்றிருக்கும் வணிகர் சங்கத்து மூத்தவர் வேதாசலம் ஐயா அவர்களே, மேடையில் அமர்ந்திருக்கும் மருத்துவ நண்பர்களே, மறைந்த மருத்துவர் இளம்பரிதியின் துணைவியார் ஷோபனா அவர்களே, பொதட்டூர்பேட்டையிலிருந்து தறியை நிறுத்திவிட்டு வந்திருக்கும் அவருடைய உறவினர்களே, எங்கள் தொண்டு மருத்துவமனையின் செவிலியர்களே, இடம் இல்லாமல் மண்டபத்துக்கு வெளியே வெயிலில் நின்று கேட்கும் பொதுமக்களே, அனைவருக்கும் வணக்கம்.

மேடையின் வலது ஓரத்தில் இருக்கும், பைபாஸ் சாலைத் தனியார் மருத்துவமனையின் நிர்வாகி ஜெயப்பிரகாஷ் அவர்களே, உங்களுக்கும் வணக்கம். உங்களுக்கு மட்டும் தனியாகச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. அதைச் சொல்லத்தான் எழுந்திருக்கிறேன்.

நான் மேடைப் பேச்சாளர் அல்ல. காது மூக்கு தொண்டை மருத்துவர். மயக்க மருந்து நிபுணரான இளம்பரிதியோடு பல ஆண்டுகள் ஒரே தீவிர சிகிச்சைப் பிரிவில் வேலை செய்தவள். மூச்சு நின்றுபோகும் நிலையில் வருகிற நோயாளிக்கு வாய்வழியாகக் குழாய் விட்டு வென்டிலேட்டரில் சேர்ப்பது அவர் வேலை. அந்தக் குழாய் நெடுநாள் தேவைப்பட்டால் கழுத்தில் சிறு துளையிட்டு, அதன் வழியாகக் குழாய் வைப்பது என் வேலை. ட்ரக்கியாஸ்டமி என்பார்கள். எங்களுக்குள் ஒத்துப்போன நாட்களைவிடச் சண்டை போட்ட நாட்களே அதிகம். அவர் கோபக்காரர். கையெழுத்து படிக்க முடியாது. கூட்டங்களுக்கு நேரத்துக்கு வரமாட்டார். பொய்ப் புகழ்ச்சி அவருக்குப் பிடிக்காது. ஆகவே நான் அதைச் செய்யப்போவதில்லை.

எனக்கு முன்பு பேசிய ஜெயப்பிரகாஷ், "எங்களுக்குள் சில கருத்து வேறுபாடுகள் இருந்தன, அவற்றை மறப்போம், மன்னிப்போம்" என்றார். யார் யாரை மன்னிப்பது, ஐயா? கருத்து வேறுபாடா அது? நான் மறக்க வரவில்லை. மன்னிக்கவும் வரவில்லை.

இந்த ஊரில் இளம்பரிதிக்கு ஒரு பட்டப்பெயர் இருந்தது. எல்லோருக்கும் தெரியும், இன்று காலையிலிருந்து யாரும் சொல்லவில்லை. நான் சொல்கிறேன். "கழுத்தறுப்பு டாக்டர்." டீக்கடையில் சொன்னார்கள். அரக்கோணம் பஸ்ஸில் சொன்னார்கள். அவருடைய மகள் படிக்கும் பள்ளி வாசலில் சொன்னார்கள். நம் தமிழில் கழுத்தறுப்பு என்றால் கத்தி மட்டுமா? நம்பவைத்து ஏமாற்றுவதற்கும் அதே சொல்தான். அப்படியானால் கேட்கிறேன். கழுத்தறுத்தவர் யார்?

முதலில் கத்தியைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். வாய்வழிக் குழாய் கெட்டது, கழுத்துக் குழாய் நல்லது என்று நான் சொல்லமாட்டேன். அவரும் சொன்னதில்லை. அவசரத்தில் வாய்வழிக் குழாயே உயிர் காக்கும். சில நிமிடங்களில் வைத்துவிடலாம், வெட்டு இல்லை, தேறியதும் எடுத்துவிடலாம். ஆனால் அது குரல்நாண்களின் நடுவே கிடக்கிறது. வாரக்கணக்கில் கிடந்தால் உள்ளே புண்ணாகலாம், புண் ஆறும்போது மூச்சுக்குழல் சுருங்கிவிடலாம். அதைப் பொறுத்துக்கொள்ளப் பெரும்பாலும் மயக்க மருந்தும் வேண்டும். கழுத்துக் குழாய் வைத்தால் வாய் விடுபடும், மயக்கம் குறையும், சளி எடுப்பது எளிது, தேறத் தேறச் சிலர் பேசலாம், விழுங்கலாம். அதற்கும் ஆபத்து உண்டு. ரத்தம் கசியும், குழாய் அடைக்கும், கிருமி வரும். எந்த நாளில் மாற்றவேண்டும் என்பதற்கு வேதவாக்கு எதுவும் கிடையாது. சீக்கிரம் மாற்றினால் அதிகம் பேர் பிழைப்பார்கள் என்றும் ஆய்வுகள் உறுதியாகச் சொல்லவில்லை. நோயாளியைப் பார்த்து முடிவு செய்யவேண்டும். நாங்கள் போட்ட சண்டையெல்லாம் அதற்குத்தான்.

மணவூர்ப் பக்கத்து விவசாயி பங்காரு இங்கே வந்திருக்கிறார். வயலில் பூச்சிமருந்து அடிக்கும்போது மயங்கி விழுந்தவர். இரண்டாவது வாரம் வாயிலிருந்த குழாயை எடுத்துக் கழுத்தில் வைத்தோம். தேறிவந்தபோது, குரல் வருகிறதா என்று பார்க்க, இளம்பரிதி குழாயின் வாயில் ஒரு சிறு மூடியைப் பொருத்தினார். "பேசு நைனா, எதுனா பேசு" என்றார். பங்காரு எங்கள் எல்லோரையும் ஒரு சுற்று பார்த்துவிட்டுச் சொன்னார்: "இன்னா டாக்டரே, இம்மா நாளா வாய தொறந்து வெச்சிகினு கெடந்தேனே, ஒரு வாய் காபி ஊத்தணும்னு ஒருத்தருக்கும் தோணலியா?" இளம்பரிதி சிரித்த சிரிப்பு எனக்கு இன்னும் கேட்கிறது. பிறகு அந்தக் குழாயையும் எடுத்தோம். துளை தானாக மூடிக்கொண்டது. இன்று தழும்பைத் தேடித்தான் பார்க்கவேண்டும். எழுந்து நில்லுங்கள் பங்காரு! பாருங்கள் மக்களே, இதுதான் அவர் அறுத்த கழுத்து!

கை தட்டவேண்டாம். இன்னும் முடியவில்லை.

அரக்கோணத்து மெக்கானிக் அஃப்தாபைப் பற்றிச் சொல்லவேண்டும். காய்ச்சல் வந்துபோன பிறகு கால் செயலிழந்து, கை செயலிழந்து, கடைசியில் மூச்சுவிடும் தசைகளும் தளர்ந்த நிலையில் வந்தார். நரம்பைத் தாக்கும் நோய். மெதுவாகத் தேறும், மாதங்கள்கூட ஆகும். இளம்பரிதி வாய்வழிக் குழாய் வைத்தார். நாட்கள் போயின. கழுத்துக்கு மாற்றலாம் என்று அஃப்தாபின் அம்மா சபீராவிடம் சொன்னார். அப்போது நான் அருகில் இருந்தேன்.

"டாக்டர் சார், என் புள்ள கழுத்துல கத்தி வெக்க வுடமாட்டேன்" என்றார் சபீரா.

"அம்மா, ஊட்டு முன்வாசல் அடைச்சிகினு கெடந்தா பக்கவாசல தொறக்கிறதில்லையா? அது மாதிரிதான்."

"பக்கவாசல் வழியா திருடனும் வருவான் சார்."

"ஆங், வருவான். அதுக்குத்தான் இத்தினி நர்ஸம்மா காவல் நிக்கிறாங்க" என்றார். சபீரா சிரித்துவிட்டார். காலையில் சொல்கிறேன் என்றார். அவருடைய மனம் பாதி இறங்கிவிட்டது என்றே நினைத்தோம்.

காலைக்குள் வேறொருவர் பேசிவிட்டார். ஜெயப்பிரகாஷ் அவர்களே, எங்கள் வராந்தாவில் நின்று நீங்கள் பேசிய வார்த்தைகளைச் சபீரா அம்மா எனக்கு அப்படியே சொல்லியிருக்கிறார். "பாயம்மா, ஆட்ட அறுக்கிற மாதிரி அறுத்துடுவாங்க. அப்புறம் புள்ள வாயத் தொறந்து அம்மான்னு கூப்பிடமாட்டான். எங்க ஆஸ்பத்திரிக்கு வந்துடுங்க. நாங்க கத்தியே எடுக்கமாட்டோம்." இவர் மருத்துவர் அல்ல, மக்களே. ஒரு குழாயைக்கூடக் கையால் தொட்டதில்லை. ஆனால் ஒரு தாயின் நெஞ்சில் எங்கே குத்தினால் வலிக்கும் என்பது இவருக்குத் தெரிந்திருந்தது.

கொண்டுபோனார்கள். சொன்ன சொல்லைக் காப்பாற்றினார்கள்! கத்தியை எடுக்கவே இல்லை. ஒரு மாதத்துக்கு மேல் அதே வாய்வழிக் குழாயில் போட்டு வைத்தார்கள். நோய் தேறியது. குழாயை எடுத்தார்கள். வீட்டுக்கு அனுப்பினார்கள். சில வாரங்களில் அஃப்தாபின் மூச்சு விசில் அடிக்கத் தொடங்கியது. உள்ளே மூச்சுக்குழல் சுருங்கிவிட்டது. உதடு நீலமாகி, உட்கார்ந்தபடி காற்றுக்குத் தவித்துக்கொண்டு அவர் எங்கள் வாசலுக்குத்தான் வந்தார். இளம்பரிதி அவர் தலையைப் பிடித்துக்கொண்டார். நான் கழுத்தில் துளையிட்டேன். மூச்சு வந்தது. அந்தத் துளை இன்றும் இருக்கிறது. சுருங்கிய இடம் இன்னும் சரியாகவில்லை.

அடுத்த வாரம் நடந்ததுதான் நான் மறக்கமாட்டேன் என்று சொன்னது. ஜெயப்பிரகாஷின் ஆட்கள் சபீரா அம்மாவைச் செல்போன் முன்னால் உட்காரவைத்தார்கள். "மொதல்ல ட்யூப் போட்ட டாக்டர்தான் தொண்டையக் கெடுத்தாரு. அத மறைக்கத்தான் கழுத்த அறுத்தாரு" என்று சொல்லவைத்தார்கள். அப்படிச் சொன்னால் மேல் சிகிச்சைக்குத் தாங்கள் பொறுப்பு என்றார்கள். அந்தத் தாய் சொன்னார். துளையிட்டவள் நான், பழி விழுந்தது அவர்மேல். வீடியோ ஊரெல்லாம் போனது. மேல் சிகிச்சை? அது வரவே இல்லை!

உயிரைக் கொடுத்த துளையே குற்றத்துக்குச் சாட்சியாயிற்று. அதற்குப் பிறகு நாங்கள் கழுத்துக் குழாய் என்று வாயெடுத்தாலே குடும்பத்தார் நோயாளியைத் தூக்கிக்கொண்டு போனார்கள். எங்கே போனார்கள்? பைபாஸ் சாலைக்கு.

வழக்குப் போடுங்கள் என்று இளம்பரிதியிடம் எத்தனை முறை சொன்னேன்! "போட்டா யார கூண்டுல ஏத்துவாங்க, மேடம்? அந்த அம்மாவத்தான். வீடியோல பேசினது அவங்கதானே? புள்ள மூச்சுக்கு அலையிற பொம்பளைய நான் பொய்காரின்னு நிரூபிக்கணுமா? வேணாம் வுடுங்க" என்றார். அந்தப் பட்டப்பெயரோடே வேலைக்கு வந்தார். அந்தப் பட்டப்பெயரோடே செத்தார்.

அவதூறுதான் அவரைக் கொன்றது என்று சற்றுமுன் ஒருவர் பேசினார். நான் அப்படிச் சொல்லமாட்டேன். இதய ரத்தக்குழாய் அடைத்து இறந்தார். அவருடைய தந்தைக்கும் அதே நோய். என்னால் நிரூபிக்க முடியாததை நான் பேசுவதில்லை. நிரூபிக்க முடிந்ததை விடுவதும் இல்லை. ஜெயப்பிரகாஷ் அவர்களே, அவர் சாவுக்காக நான் உங்களைத் தேடி வரவில்லை. அவர் பெயருக்காக வருகிறேன்.

பழிவாங்குவது படித்த பெண்ணுக்கு அழகா என்று கேட்பீர்கள். அழகு பார்க்கும் வயதைத் தாண்டிவிட்டேன். அவர் சாவுச் செய்தி கேட்டு, யாரும் அழைக்காமல், சபீரா அம்மா தானாக என் வீட்டுக்கு வந்தார். "அவரு எனக்காகத்தான் வாயத் தொறக்காம இருந்தாராம்மா? இப்ப நான் தொறக்கிறேன்" என்றார். கூண்டில் ஏறத் தயாராக இருக்கிறார். வரும் திங்கட்கிழமை நாங்கள் இருவரும் மருத்துவக் கவுன்சிலுக்கும் நீதிமன்றத்துக்கும் போகிறோம். உங்கள் மருத்துவமனையில் அந்த ஒரு மாதம் யார் பார்த்தார்கள், என்ன பார்த்தார்கள் என்று ஒவ்வொன்றாகக் கேட்போம். நான் ஓய்வுபெற இன்னும் பல ஆண்டுகள் இருக்கின்றன. எனக்கு அவசரம் இல்லை.

அவர் விட்டுச்சென்ற வேலையையும் செய்வோம். இனி எங்கள் பிரிவில் எந்தக் குடும்பத்திடமும் ஒரு வரியில் பேசி முடிக்கமாட்டோம். இரண்டு குழாய்களையும் அவர்கள் கையில் கொடுப்போம். இரண்டின் நன்மையும் சொல்வோம், இரண்டின் ஆபத்தையும் சொல்வோம். அவர்கள் கேட்டுக்கொண்டே இருக்கும்வரை பதில் சொல்லிக்கொண்டே இருப்போம். வராந்தாவில் வேறொருவர் வந்து பேச இடம் வைக்கமாட்டோம். இது இளம்பரிதியின் பெயரால் நாங்கள் எடுக்கும் உறுதிமொழி.

ஏன் எழுந்துவிட்டீர்கள், ஜெயப்பிரகாஷ்? உட்காருங்கள். நான் முடித்துவிட்டேன். ஆனால் கூட்டம் முடியவில்லை. தலைவர் அவர்களின் அனுமதியோடு அடுத்துப் பேசுபவரை அழைக்கிறேன். அம்மா என்று கூப்பிடவே மாட்டான் என்று நீங்கள் சொன்னீர்களே, அவர்தான் வருகிறார்.

மின்விசிறிகளை நிறுத்துங்கள். பின்வரிசையில் பேசிக்கொண்டிருப்பவர்கள் தயவுசெய்து அமைதியாக இருங்கள். கழுத்துத் துளையை விரலால் மூடிக்கொண்டுதான் இவர் பேசுவார். சுருங்கிய வழியில் கசிந்து வரும் காற்றில் கொஞ்சமே குரல் எழும். ஒரு மூச்சுக்கு மூன்று நான்கு சொற்கள்தான். ஆனால் அந்த வீடியோவைப் பார்த்த அத்தனை பேருக்கும் அது போதும்.

வா அஃப்தாப். யார் அறுத்தார்கள் என்று சொல்.