சலவைக்கடை ஐவி

என்னை எங்கேயோ பார்த்த மாதிரி இருக்கிறது என்று வாசலிலேயே சொன்னீர்கள், இன்ஸ்பெக்டர். எல்லோரும் அப்படித்தான் சொல்கிறார்கள். எங்கே என்றுதான் யாருக்கும் ஞாபகம் வருவதில்லை.

தொலைக்காட்சியில் கதவைத் திறந்து, "அவர் வீட்ல இல்லீங்களே" என்று சொல்லும் வீட்டுக்காரி நான்தான். நாயோடு உலாவப் போய்ப் பிணத்தை முதலில் பார்ப்பவளும் நான்தான். இரண்டாவது நர்ஸ், மூலையில் கம்பளி பின்னும் விதவை, எல்லாம் நான். வாழ்நாள் முழுக்க இதே பிழைப்பு என்றால் எரிச்சலாக இருக்காதா? ஒரு தடவையாவது, நான் கதவைச் சாத்தியபின் கேமரா என் பின்னாலேயே உள்ளே வந்திருக்கலாம்.

வின்னி ஹோல்ராய்டும் என்னைப் போலத்தான். அதே உயரம், அதே நரைத்த சுருட்டை முடி. ஒரே வேடத்துக்கு இருவரும் பக்கத்தில் பக்கத்தில் காத்திருப்போம். லீட்ஸில் எடுக்கும் அந்தத் தொடரில் சலவைக்கடை ஐவி வேடத்துக்கும் அப்படித்தான் காத்திருந்தோம். அவளுக்குக் கிடைத்தது. பிறகு பேருந்தில் என்னை ஐவி என்று நினைத்துக் கையெழுத்துக் கேட்பார்கள். நானும் போட்டுக் கொடுப்பேன்.

"உன்னது எல்லாருக்கும் சித்தி மூஞ்சிடி, எட்னா. பாத்த ஒடனே மறந்துடுவாங்க" என்பாள் வின்னி. அவள் சிரிப்பாள், நானும் சிரிப்பேன்.

எங்கள் தொடர்களில் ஒரு வழக்கம் உண்டு. நடிகை விலகினாலும் வேடத்தை விடமாட்டார்கள். பால்காரர் மனைவி தலைக்குக் குளிக்க மாடிக்குப் போனாள். அடுத்த வாரம் வேறொரு நடிகை ஈரத்தலையோடு இறங்கி வந்தாள். கதையில் ஒருவரும் ஏன் என்று கேட்கவில்லை. ஐவிக்கும் அப்படி ஆனால் யாரைக் கூப்பிடுவார்கள்? ஞாயிறுதோறும் வின்னிக்கு எதிர்வசனம் படித்தவள் நான். ஐவியின் வசனம் எனக்குத் தலைகீழ்ப் பாடம்.

வின்னி கண்ணை மூடிக்கொண்டு, தன் வீட்டு மாடிப்படியில் ஏறி இறங்கித்தான் வசனம் பழகுவாள். ஒரு ஞாயிறு, படிமேல் விரிப்பை இறுக்கிப் பிடிக்கும் பித்தளைக் கம்பிகளில் மேலே இருந்ததைக் கழற்றிவிட்டேன். கால் ஒடிந்தால் போதும் என்றுதான் நினைத்தேன். அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

விழுந்தாள். காலை அசைக்க முடியவில்லை. தலையிலிருந்து ரத்தம் போய்க்கொண்டிருந்தது. ஆனால் நினைவு தெளிவாக இருந்தது.

"போன் பண்ணுடி கண்ணு" என்றாள். "கால் கூடுனதும் வந்துடுவேன், என் எடத்த யாருக்கும் மொத்தமா குடுத்துட வேணாம்னு கெரால்டுகிட்ட சொல்லு."

கெரால்ட் அந்தத் தொடரின் தயாரிப்பாளர். அவள் அதைச் சொல்லாமல் இருந்திருக்கலாம். ஒடிந்த கால் கூடிவிடும் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. அவள் கைத்தடியோடு திரும்புவாள். நான் மறுபடி கதவைத் திறக்கப் போக வேண்டும்.

தேநீர் போட்டுக்கொண்டு வந்து படியில் உட்கார்ந்தேன். வசனத்தாளை எடுத்து ஐவியின் பகுதியை வாசித்தேன். எதிர்வசனத்தை அவள் சொல்வாள் என்று பார்த்தேன். "எட்னா" என்று மட்டும் சொன்னாள். கொஞ்ச நேரத்தில் அதுவும் நின்றது. நான் கடைசிப் பக்கம் வரை வாசித்து முடித்தேன், பிறகு மறுபடி முதலிலிருந்து.

சாயங்காலம் வரை வின்னி வசனம் பழகும் சத்தம் கேட்டது என்றாராம் பக்கத்து வீட்டுக்காரர். டாக்டரோ அவள் மதியமே போய்விட்டாள் என்கிறார். அதனால்தானே வந்திருக்கிறீர்கள்? அந்தக் குரல் என்னுடையது. சுவருக்கு அந்தப்பக்கம் இருந்தவருக்கே வித்தியாசம் தெரியவில்லை, பாருங்கள்.

கெரால்ட் கூப்பிட்டார். நல்ல கோட்டாகப் போட்டுக்கொண்டு போனேன்.

"வின்னி இல்லாம ஐவி ஏதுங்க?" என்றார். "சீக்காப் படுத்திருந்தா வேற ஆளப் போட்டிருப்போம். செத்தவங்க எடத்துல ஆளப் போட்டா ஜனங்க சும்மா விடுவாங்களா? கதையில ஐவியையும் சேத்தே அடக்கம் பண்ணிடறோம். நீங்க அவங்க சிநேகிதியாச்சே, சர்ச்சுல பின்வரிசையில நில்லுங்க. வசனம் இல்ல."

காலோடு விட்டிருந்தால் சில மாதங்களாவது ஐவியாக வாழ்ந்திருப்பேன். பேராசைப்பட்டுக் கெடுத்துக்கொண்டேன்.

அடக்கக் காட்சியில் தேம்பித் தேம்பி அழுதேன். படப்பிடிப்பு முடிந்ததும் கெரால்ட் வந்து, "உங்களுக்கு இப்படி நடிக்க வரும்னு தெரியாமப் போச்சே" என்றார்.

நான் நடிக்கவில்லை, இன்ஸ்பெக்டர். அந்தப் பெட்டிக்குள் கிடந்தது என் வேடம்.