நீல பீரோவுக்குள் போன வட்டிக் கோப்பு

என் பெயர் ஆதிமூலம், வயது 54, தகப்பனார் பெயர் ராஜமாணிக்கம். வேங்கிக்காலில் குடியிருக்கிறேன். அங்கேயே உள்ள சிறுபாலங்கள் கோட்ட அலுவலகத்தில் பதினோரு ஆண்டுகளாகக் கண்காணிப்பாளராகப் பணிபுரிகிறேன்.

24.2.2003 திங்கட்கிழமை காலை பதினொன்றரை மணிக்கு எங்கள் அலுவலகத்தில் ஒரு முக்கிய முடிவு எடுக்கப்பட்டது. கணக்குப் பிரிவு உதவியாளர் சந்திரகலாவின் மேசைமீது இருந்த வட்டிக் கோப்பை நீல நிற இரும்பு பீரோவின் இரண்டாம் தட்டுக்கு மாற்றுவது என்பதே அம்முடிவு. மேலதிகாரி ஆய்வுக்கு வரும்போது மேசைமீது பழைய கோப்பு இருப்பது பார்வைக்கு நன்றாக இராது என்று கோட்டப் பொறியாளர் தலைமையில் இருமுறை கூடிப் பேசி, மாற்றுக் கருத்து எதுவும் வராத நிலையில், நானே கோப்பை எடுத்து வைத்தேன். பீரோவின் சாவி கோட்டப் பொறியாளரிடம் இருந்தது.

அந்தக் கோப்பு கீழ்பென்னாத்தூர் ஒப்பந்ததாரர் வேடியப்பன் சம்பந்தப்பட்டது. அவர் எங்களுக்காக ஒரு பாலத்தை 1994 மார்ச்சில் கட்டி முடித்தார். அதற்குரிய மூன்று லட்சம் ரூபாயை நாங்கள் 1999 மார்ச்சில் கொடுத்தோம். பாலத்தில் குறை எதுவும் இல்லை. தாமதமான ஐந்து ஆண்டுகளுக்கு நூற்றுக்குப் பன்னிரண்டு வீதம் ஒரு லட்சத்து எண்பதாயிரம் ரூபாய் வட்டி கொடுக்குமாறு 2002இல் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நாங்கள் கொடுக்காததால் அலுவலகப் பொருள்களை ஜப்தி செய்ய அவர் உத்தரவு பெற்றார். பாலம் கட்டுவதற்காக அவர் தன் வீட்டை ஒரு நிதி நிறுவனத்தில் அடகு வைத்திருந்ததும், அது 28.3.2003 அன்று ஏலத்துக்கு வருவதும் எனக்குத் தெரியும். அவர் மனைவி ராணியம்மாள் ஏல நோட்டீசை என் மேசைக் கண்ணாடிக்கு அடியில் செருகிவிட்டுப் போயிருந்தார்.

5.3.2003 அன்று நீதிமன்ற அமீனா வேடியப்பனுடன் வந்தார். ஜப்தி நாளில் ஜீப்பும் கோட்டப் பொறியாளரும் வெளியூர் முகாமில் இருப்பது எங்கள் அலுவலக வழக்கம். அன்றும் அவ்வாறே இருந்தனர். நாற்காலிகளில் நாங்கள் உட்கார்ந்திருந்தோம். வேடியப்பன் சுற்றிலும் பார்த்துவிட்டு நீல பீரோவைத் தட்டி, "இத்த தூக்குங்க சார். வெயிட்டு ஜாஸ்தி, நல்லா வெல போவும்" என்றார். அப்போது சந்திரகலா என் அருகில் வந்து, "சார், அந்தாளு ஃபைலே உள்ளதான் சார் இருக்குது" என்றார். "கேட்டா சொல்லலாம்மா" என்றேன். அமீனா பீரோவின் உயரத்தையும் நிறத்தையும் மட்டுமே கேட்டார். இரண்டையும் சரியாகச் சொன்னேன். அதன் பிறகு, சாவியும் முகாமில் இருந்தபடியால், பூட்டிய பீரோவை அப்படியே டெம்போவில் ஏற்றினார்கள். ஒரு மூலையை வேடியப்பன் பிடித்தார்.

அதன் பிறகு 10.3.2003 அன்று வட்டியைக் கொடுக்கச் சென்னையிலிருந்து ஆணையும் தொகையும் வந்தன. கோப்பில் உள்ள கணக்குத் தாளில் கோட்டப் பொறியாளரின் கையொப்பம் ஆனால்தான் காசோலை எழுத முடியும் என்பதால் கோப்பைத் தருமாறு நீதிமன்றத்துக்கு எழுதினோம். ஜப்தியான பொருளை மனு இல்லாமல் திறக்க இயலாது என்று பதில் வந்தது. அதன் பிறகு பௌர்ணமி வந்து பணியாளர்கள் கிரிவலப் பாதைக்கு அனுப்பப்பட்டதால் இரண்டு நாள் கழித்து, மனுப்போட அனுமதி கேட்டு மேலிடத்துக்கு எழுதினோம். பதில் வரவில்லை.

24.3.2003 அன்று ராணியம்மாள் வந்தார். சந்திரகலா அவரிடம் விவரம் சொல்லிவிட்டதாக அறிகிறேன். "எங்க வூட்டுக்காரரே கை குடுத்துத் தூக்கனாரே சார் அந்த பீரோவ! அப்பவே ஒரு வார்த்த சொல்லியிருந்தா உங்க வாய்லேர்ந்து முத்தா உதிர்ந்துடும்?" என்று கேட்டார். என்னிடம் யாரும் கேட்கவில்லை என்பதை அவருக்கு விளக்கினேன்.

26.3.2003 பிற்பகல் இரண்டரை மணிக்கு வேடியப்பன் தனியாக வந்து கோப்பை என் மேசைமீது வைத்தார். சட்டை முழுவதும் துருவாக இருந்தது. "இந்தாங்க சார். இன்னிக்கு கையெழுத்து ஆயிட்டா நாளைக்கு வூட்ட மீட்டுடுவேன்" என்றார். உணவு இடைவேளையில் நீதிமன்றச் சாமான் அறையின் பூட்டையும் பீரோவின் பூட்டையும் கடப்பாரையால் நெம்பியதாக அவரே சொன்னார். கோப்பைப் பிரித்துப் பார்த்தேன். எல்லாத் தாள்களும் இருந்தன. கோட்டப் பொறியாளரும் அன்று இருக்கையில் இருந்தார். ஆனால் நீதிமன்றப் பொறுப்பிலிருந்து முறையின்றி வந்த கோப்பில் கையொப்பம் பெறுவது விதிக்கு உட்பட்டதல்ல. எனவே அவரை உட்கார வைத்து, டீ வரவழைத்துக் கொடுத்து, அதன் பிறகு காவல் நிலையத்துக்கு ஃபோன் சுழற்றினேன். "செக்கு எழுதறவருக்கா சார் போன் போடறீங்க?" என்று கேட்டார். காவலர்கள் வரும்வரை அவர் டீயைக் குடித்துக்கொண்டிருந்தார். அதன் பிறகு அவரை அழைத்துச் சென்றார்கள். கோப்பைச் சான்றுப்பொருளாகக் கைப்பற்றினார்கள். அதற்கு ஒப்புகை பெற்றுக்கொண்டேன்.

மேலே கண்டவை நான் சொல்லச் சொல்ல எழுதப்பட்டு எனக்குப் படித்துக் காட்டப்பட்டன. கூட்டியோ குறைத்தோ எழுதவில்லை, யாவும் உண்மை.

கையொப்பமிடும் முன் கேட்டதன்பேரில் மேலும் சொல்வது: வேடியப்பன் சிறையில் இருக்கையில் 28.3.2003 அன்று அவருடைய வீடு ஏலம் போனது. ஏலத்தொகை ஒரு லட்சத்து ஐம்பத்தைந்தாயிரம் ரூபாய்.

(ஒப்பம்) ரா. ஆதிமூலம்
2.4.2003