செத்த காலேஜுக்கு ஏழு மீன்கள்

கொசு வளர்ப்பது சுலபமான வேலைதான் ஐயா, ஆனால் ஒழுங்காகச் செய்ய வேண்டும். வாய் அகன்ற பானையில் பழைய தண்ணீரை ஊற்றி, ஒரு பிடி சருகு போட்டு நிழலில் வைத்தால் ஆறேழு நாளில் புழு நெளியும். அதைத் துணியில் வடித்து மீனுக்குப் போட வேண்டும். ஒரு நாள் அசந்தால் புழு கொசுவாகிப் பறந்துவிடும்; அப்புறம் அது நம்மைத் தின்னும். ஆறு வருஷம் இந்த வேலையைத்தான் செய்தேன். ஊரில் என்னைக் கொசுக்காரன் என்பார்கள். எனக்கு அதில் வருத்தமில்லை.

என் பெயர் சென்றாயன், ஊர் மலைமேல் வாழவந்தி நாடு. இறந்துபோன அர்த்தனாரி வாத்தியார் கீழே சேலத்தில் காலேஜ் பிள்ளைகளுக்குப் பாடம் சொன்னவர். நெஞ்சில் சீக்கு. மலைக்காற்று நல்லது என்று டாக்டர் சொன்னதால் எங்கள் பக்கம் வந்து ஓட்டு வீடு கட்டித் தனியாக இருந்தார். வாக்குமூலம் எழுதும் ஸ்டேஷன் ரைட்டர் ஐயா இப்போதைக்கு 'இறந்துபோன' என்றே எழுதட்டும். அவசரப்பட்டு வேறு வார்த்தை போட வேண்டாம். அந்த இடம் வரும்போது நானே சொல்கிறேன்.

மீன்கள் ஆப்பிரிக்காவிலிருந்து வந்தவை. சேந்தமங்கலத்து மிளகு வியாபாரி ஹபீப் ரஹ்மானுடைய மச்சான் கப்பலில் வேலை பார்த்தார். அவர் மூலமாகத் தகர டின்னில் பன்னிரண்டு புறப்பட்டு, மலையேறி வந்து சேர்ந்தபோது ஏழுதான் மிச்சம். விரல் நீளத்துக் கெளுத்தி. நம் ஊர்க் கெளுத்தி போலத்தான் மீசை. அடியில் கடப்பைக் கல்லும் நாலு பக்கம் கண்ணாடியுமாக வாத்தியார் ஒரு தொட்டி கட்டி வைத்திருந்தார்.

முதல் நாளே நான் ஒரு தப்புச் செய்யப் பார்த்தேன். தொட்டியில் விட்டதும் ஏழும் வயிற்றை மேலே காட்டிக் கிடந்தன. செத்துப்போயின என்று அள்ளிக் கொல்லையில் கொட்டப் போனேன். வாத்தியார் வந்து என் கையைப் பிடித்தார்.

"அதுக நீந்தறதே அப்படித்தான் சென்றாயா. மல்லாந்து கெடந்தா நல்லா இருக்குதுன்னு அர்த்தம். குப்புறப் படுத்தாத்தான் கவலப்படோணும்."

அவர் எனக்குச் சொல்லித் தந்த பாடம் அது ஒன்றுதான். நான் மறக்கவில்லை.

அந்த மீனை வலையில் பிடிக்கக் கூடாது, துடுப்பில் முள் உண்டு, மாட்டிக்கொள்ளும். கொட்டாங்குச்சியில்தான் ஏந்த வேண்டும். தண்ணீரை விட்டு எடுத்தால் கீச்சென்று ஒரு சத்தம் போடும். மீன் கத்தும் என்றால் ஊரில் யாரும் நம்பவில்லை. என் மகள் பொன்னாயி மட்டும் நம்பினாள். அவளுக்கு நாலு வயது. ஒருநாள் கூட்டி வந்து காட்டினேன். அன்று முழுக்க வீட்டில் கீச் கீச் என்று கத்திக்கொண்டு மல்லாந்தே படுத்திருந்தாள்.

எங்கள் மலைக் குளிர் உங்களுக்குத் தெரியும். அவையோ வெயில் நாட்டு மீன்கள். அதனால் கடப்பைக் கல்லுக்கு அடியில் ஒரு விளக்கு எரிந்துகொண்டே இருக்க வேண்டும். திரி ஏறினால் தண்ணீர் கொதித்துவிடும், இறங்கினால் மீன் விறைத்துவிடும். பக்கத்திலேயே ஆள் வேண்டும். போன வருஷம் கார்த்திகை அடைமழையில் வாத்தியார் சேலம் போக வேண்டியிருந்தது. போகும்போது சொன்னார்.

"இதுக ஏழும் உன்ற புள்ளைக மாதிரி. வெளக்கு அணையக் கூடாது கண்ணு. நான் வார வரைக்கும் எங்கயும் போயிராதே."

சரிங்க என்றேன். மறுநாள் பொன்னாயிக்குக் காய்ச்சல் என்று என் மச்சான் ராசப்பன் வந்து சொன்னான். காலையில் ஒரு தடவை வந்தான், சாயங்காலம் ஒரு தடவை வந்தான். பிள்ளை அப்பன் எங்கே என்று கேட்கிறது என்றான். விளக்கை அவனிடம் விட்டுப் போகலாம் என்றால் அவனுக்குத் திரி பார்க்கத் தெரியாது. மழை விடட்டும் வாரேன் என்று சொல்லி அனுப்பினேன். மூன்றாம் நாள் மழை விட்டது, வாத்தியாரும் வந்தார். நான் வீட்டுக்குப் போனபோது பிள்ளையை வாசலில் கிடத்தியிருந்தார்கள். மல்லாத்தித்தான் கிடத்தியிருந்தார்கள். என் பெண்சாதி கண்ணாயி அன்றிலிருந்து என்னிடம் பேசுவதில்லை. சோறு போடுகிறாள், பேசுவதில்லை.

அதற்காக வாத்தியாரை நான் குறை சொல்லவில்லை. அதை அழுத்தி எழுதிக்கொள்ளுங்கள். அவர் துக்கத்துக்கு வந்தார். என் தோளில் கை வைத்து, "நீ பட்டது வீண்போகாது சென்றாயா. அதுகள நான் சாவ உடமாட்டேன்" என்றார். எல்லார் முன்னாலும் சொன்னார். பெண்சாதி பேசாத வீட்டில் அந்த ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டுதான் நான் எட்டு மாதம் சோறு தின்றேன். தினமும் காலையில் எண்ணிப் பார்ப்பேன். ஏழும் மல்லாந்து இருக்கும். பொன்னாயி அதற்குத்தான் போனாள், சும்மா போகவில்லை என்று மனதுக்கு ஓர் ஆறுதல்.

இந்த ஆடியில் வாத்தியாருக்குப் பட்டணத்திலிருந்து ஒரு கடிதம் வந்தது. முகமெல்லாம் சிரிப்பாக, மீன்கள் காலேஜுக்குப் போகப் போகின்றன என்றார். சண்டை நடக்கிறது, கப்பல் இல்லை, இனி இந்த நாட்டுக்கு இந்த மீன் வராது, நாலு பேர் பார்க்கிற இடத்தில் இருக்கட்டும் என்றார். எனக்குப் பிரிவு கஷ்டமாக இருந்தாலும் பெருமையாகவும் இருந்தது. எங்கள் மலையில் யார் காலேஜ் போனார்கள்? ஆடிப் பதினெட்டுக்கு அறப்பளீசுவரர் கோயிலுக்குப் போய் மீன்கள் பேரில் அர்ச்சனை செய்தேன். ஏழுக்கும் பெயர் இல்லாததால் பொன்னாயி என்றே சொன்னேன்.

எங்கள் சாமி அறுத்த மீனைப் பொருத்திய சாமி. ஆற்று மீனை அறுத்துக் குழம்பு வைத்தபோது சட்டியிலிருந்து அவை துள்ளி ஆற்றுக்கே திரும்பின என்பார்கள். கோயில் துறையில் இன்றும் யாரும் மீன் பிடிப்பதில்லை, பொரிதான் போடுவார்கள். நானும் போட்டுவிட்டுத் திரும்பினேன்.

வழியில் ஹபீப் ரஹ்மான் கழுதைகளை ஓட்டிக்கொண்டு எதிரே வந்தார். நம் மீன்கள் காலேஜ் போகின்றன பாய் என்று சொன்னேன். அவர் நின்றுவிட்டார்.

"எந்தக் காலேஜ்ங்க? பட்டணத்துல ரெண்டு இருக்குதே. உயிர்க் காலேஜுன்னா புலி, கரடி எல்லாம் உசுரோட கூண்டுல இருக்கும். செத்த காலேஜுன்னு ஒண்ணு இருக்குது. அங்க எல்லாத்தையும் சீசாவுல போட்டு வெச்சிருப்பாங்க."

அப்புறம் தலை குனிந்துகொண்டு, அன்று காலையில்தான் வாத்தியார் வீட்டில் ஒரு டின் ஸ்பிரிட்டும் ஏழு சீசாவும் இறக்கிவிட்டு வருவதாகச் சொன்னார். எதற்கென்று தனக்குத் தெரியாது என்றார். அவர் மேல் குற்றமில்லை.

நான் ஓடினேன். வாசல் ஏறும்போது கீச்சென்று ஒரு சத்தம் கேட்டது. அது ஏழாவது மீன். ஆறு முன்பே சீசாவில் இருந்தன. கொட்டாங்குச்சியில்தான் ஏந்தினார், அதில் குறை சொல்ல முடியாது. தொட்டிக்கு அடியில் இருந்த விளக்கை அவரே அணைத்திருந்தார்.

சாக விடமாட்டேன் என்று சொன்னீங்களே என்று கேட்டேன். அவருக்கு நினைவு வரவில்லை. சத்தியமாகச் சொல்கிறேன் ஐயா, நடிக்கவில்லை, அவருக்கு நினைவே இல்லை. மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு நிதானமாகச் சொன்னார்.

"கெழட்டு மீன்டா, எப்படியும் சாவும். சீசாவுல இருந்தா நூறு வருசம் அப்படியே இருக்கும். கீழ என்ற பேரு எழுதியிருக்கும்."

அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. நான் காப்பி போட்டுக் கொடுத்தேன். வேலியே பயிரை மேய்ந்தால் பயிர் யாரிடம் போய்ச் சொல்லும்? எனக்குப் பொன்னாயியை அன்றைக்குத்தான் புதைத்தது போல இருந்தது. ஆனால் கோபப்படவில்லை. கோபப்பட்டவன் காப்பிக்கு வெல்லம் சரியாகப் போட முடியுமா?

இரண்டு நாள் யோசித்து, அவரிடம் ஒரு பொய் சொன்னேன். ஆறு வருஷத்தில் அது ஒன்றுதான். கோயில் துறைக்கு மேலே ஐயாற்று மடுவில் எங்கள் ஊர் மீன் ஒன்று இதே மாதிரி மல்லாந்து நீந்துகிறது என்றேன். அவருக்குக் கண் விரிந்துவிட்டது. ஒப்பிட்டுப் பார்க்கச் சீசாக்களையும் எடுத்துக்கொள்ளலாமா என்று கேட்டேன். "பரவால்லியே, உனக்கும் படிப்பு ஏறிருச்சு" என்று தட்டிக் கொடுத்தார். ஏழு சீசாவையும் கூடையில் வைத்து நான்தான் சுமந்தேன்.

மடுவின் மேல் ஒரு பாறை சாய்ந்து நிற்கும். விளிம்பில் குப்புறப் படுத்துத் தலையைத் தொங்கப்போட்டால்தான் அடி தெரியும். அவர் படுத்தார். பாசி வழுக்கியது.

"சென்றாயா, காலப் புடிச்சுக்க. உட்றாதே" என்றார்.

சரிங்க என்று பிடித்துக்கொண்டேன். அப்புறம் கொஞ்சம் தூக்கினேன். அவ்வளவுதான். நெஞ்சுச் சீக்குக்காரர், கனமே இல்லை. தலை கீழாகத் தண்ணீருக்குள் போனார். ஒரு வெற்றிலை போட்டு மெல்லும் நேரம் இருக்கும். காலை விடாதே என்று அவர் சொன்னார், நான் விடவில்லை. அவர் எனக்குச் சொன்ன வார்த்தையைக் காப்பாற்றவில்லை, நான் அவருக்குச் சொன்னதைக் காப்பாற்றினேன். ரைட்டர் ஐயா இப்போது அந்த வேறு வார்த்தையைப் போட்டுக்கொள்ளலாம்.

இருந்தாலும் நான் ஒருதலையாக நடக்கவில்லை. செத்ததற்கு உயிர் கொடுக்கிற ஆறு அது. மீனுக்கு என்ன வழியோ அதே வழியைத்தான் அவருக்கும் விட்டேன். சாமிக்குப் பிடித்திருந்தால் அவரையும் எழுப்பியிருக்கலாம். அவர் குப்புறத்தான் மிதந்தார். குப்புறக் கிடந்தால் கவலைப்பட வேண்டும் என்று அவரே சொல்லியிருக்கிறார். அதனால்தான் நானாகவே மலை இறங்கி உங்களிடம் வந்து சொன்னேன்.

உண்ட வீட்டுக்கு இரண்டகம் செய்தவன் என்று நீங்கள் சொன்னது காதில் விழுந்தது. சொல்லிக்கொள்ளுங்கள். என்னைத் தொங்கவிடுங்கள், அதற்கும் சரி. என் பெண்சாதி கண்ணாயிக்கு மட்டும் ஒரு சேதி சொல்லி அனுப்ப வேண்டும். சீசாக்களை ஒவ்வொன்றாகத் திறந்து தண்ணீரில் சாய்த்தேன். ஸ்பிரிட்டில் நிறம் கொஞ்சம் வெளுத்திருந்தது, வேறொன்றும் இல்லை. நீர் இழுத்த பக்கம் வரிசையாகப் போயின. ரைட்டர் சிரிக்கிறார். அவருக்கு இந்த மீனைப் பற்றித் தெரியாது. பிள்ளை வீணாகப் போகவில்லை என்று அவளிடம் சொல்லுங்கள் ஐயா. நான் கண்ணால் பார்த்தேன், ஏழும் மல்லாந்துதான் போயின.