ஐம்பத்து நாலாவது கட்டை

இரவு இரண்டே கால். ருவைஸ் தாண்டி, சவூதி எல்லையை நோக்கிப் போகும் நெடுஞ்சாலை. இரண்டு பக்கமும் மணல்... வேறு வண்டி ஒன்றுகூட இல்லை.

ஃபாரூக், சிரிப்பதாக இருந்தால் உன் கட்டிலுக்குப் போ. மற்றவர்கள் இப்படி நெருங்கி உட்காருங்கள். இது நடந்தது நம் பக்கத்து அறை விஜயபாஸ்கரின் மச்சான் அம்மையப்பனுக்கு. வீட்டுச் சாமான்களைக் கட்டி ஏற்றும் கம்பெனியில் ஃபோர்மேன். அவன் தம்பி அருள்முருகன் அங்கேயே லாரி டிரைவர். விசா எடுத்துக் கொடுத்ததே அண்ணன்தான். தம்பிக்கு மூன்று வருஷம் கழித்து முதல் லீவு. மறுநாள் ஃப்ளைட். பெற்ற பெண்ணை வீடியோவில் பார்த்ததோடு சரி.

கடைசி டூட்டி, அபுதாபியில் ஒரு ஜெர்மன் அம்மாளின் வீடு. கணவர் இறந்துவிட்டார். சாமான் எல்லாம் சவூதியில், அல் கோபாரில் இருக்கும் மகள் வீட்டுக்கு. எல்லையில் வேறு டிரைவரிடம் லாரியைக் கொடுத்துவிட்டு, அண்ணனுடைய பிக்கப்பில் தம்பி திரும்பிவிட வேண்டும்.

அந்த வீட்டில் ஒரு பழைய பெட்டி. உள்ளே ஒரு பலகை, அதில் ஒட்டிய வரைபடம். ரயில் பாதை நெடுக ஒரு பள்ளம். பள்ளத்தில் வரிசையாகச் சின்ன மரக் கட்டைகள். கணவரின் பாட்டனார் முதல் உலகப் போருக்கு முன்னால் ஜெர்மன் ராணுவத் தலைமையகத்தில், ரயில் பிரிவில் இருந்தவராம். சண்டை வந்தால் எந்த ரயில் எந்த நிமிஷம் எந்தப் பாலத்தைத் தாண்ட வேண்டும் என்று வருஷக்கணக்காகத் திட்டம் போட்டார்களாம். ஒரு கட்டை, ஒரு ரயில். ஒவ்வொன்றிலும் எண்ணும் நேரமும் எழுதியிருக்கும். சண்டை தொடங்கிய அன்று, படையை வேறு பக்கம் திருப்ப முடியாதா என்று ராஜாவே கேட்டாராம். முடியாது, எல்லாம் கிளம்பியாகிவிட்டது என்றார்களாம். மேடம் சொன்ன கதை இது.

“ராஜாவுக்கே இந்தக் கதியா!” என்று அருள்முருகன் சிரித்தான்.

பெட்டிக்குள் இருந்த பழைய சீட்டில் கட்டைகள் ஐம்பத்து நாலு. அம்மையப்பன் எண்ணினால் ஐம்பத்து மூன்று. மறுபடி எண்ணினான். ஐம்பத்து மூன்றேதான். லிஸ்டும் சாமானும் ஒத்துப்போகாவிட்டால் லாரிக்கு சீல் விழாது. தேடித் தீரும்வரை வண்டி நகராது. தம்பியின் ஃப்ளைட் போய்விடும்.

என்ன செய்தான் தெரியுமா? ப்ளைவுட் துண்டு ஒன்றை அறுத்துத் தேய்த்து அதே அளவுக்குக் கொண்டுவந்தான். எண் வேண்டுமே... கைக்கு வந்தது தம்பியின் லாரி நம்பர். அதையே எழுதினான். நேரம், லாரி கிளம்பும் நேரம். வரிசையின் கடைசியில் வைத்து, லிஸ்டில் டிக் போட்டான்.

பெட்டி குலுங்கக் கூடாது என்று பிக்கப்பில் தன் பக்கத்திலேயே வைத்துக்கொண்டான். முன்னால் தம்பியின் லாரி. ருவைஸ் தாண்டியதும் பெட்டிக்குள்...

டக்.

கொஞ்ச நேரம் கழித்து மறுபடி. டக்.

அப்போதுதான் வாடை வந்தது. கரி வாடை. கண்ணாடியை ஏற்றினாலும் போகவில்லை. டீ குடிக்கலாம் என்று பேசி வைத்திருந்த பெட்ரோல் பங்க் வந்தது. லாரி நிற்கவில்லை. அம்மையப்பன் போன் போட்டான்.

“டேய், எங்கடா போற? ஓரங்கட்டு.”

“பிரேக்லதாண்ணே காலு இருக்கு. வண்டி கேக்க மாட்டேங்குது...”

“கியரக் கொறடா!”

“எல்லாம் பாத்துட்டேண்ணே. முன்னாடி ஒரு வண்டி போவுது. நீளமா. ஜன்னல் முச்சூடும் ஆளுங்க. சின்னப் பசங்கண்ணே, என் வயசு கூட இருக்காது. எல்லாரும் என்னையே பாக்கறானுவ.”

முன்னால் எந்த வண்டியும் இல்லை.

அம்மையப்பன் பிரேக்கை அழுத்தினான். இவன் பிக்கப் சட்டென்று நின்றது. பெட்டியைப் பிரித்தான். கட்டி வைத்த பபிள் ராப் தளர்ந்து கிடந்தது. ஐம்பத்து மூன்று கட்டைகளும் இடைவெளி பிசகாமல் நகர்ந்திருந்தன. கடைசியில் அவன் செய்த கட்டை. பிடுங்கப் பார்த்தான். சுட்டது. நகம் பிய்ந்து ரத்தம் வந்தது, கட்டை வரவில்லை. பின்னால் இழுத்தான். இழுத்த இடத்தில் ஒரு நொடி நின்றது. பிறகு, டக்... பழைய இடத்துக்கே போனது.

“அண்ணே, நீ ஏன் நின்னுட்ட?” போனில் தம்பி அழுதான். “என்னைய உட்டுட்டுப் போவாதண்ணே.”

பிறகு தடக் தடக் என்று மட்டும் கேட்டது. அந்தச் சாலைக்குப் பக்கத்தில் ரயில் பாதையே கிடையாது. எதிரே நூல் பிடித்தாற்போல் நேர்ரோடு. சிவப்பு விளக்கு சின்னதாகிச் சின்னதாகிப் போனது. பாவி, ரோட்டில் உட்கார்ந்து கத்தியிருக்கிறான். யார் காதில் விழும்?

லாரி எல்லையில் கிடைத்தது. வரிசையில் ஒழுங்காக நின்றது. சீல் உடையவில்லை. என்ஜின் ஜில்லென்று இருந்தது. டிரைவர் மாஃபி, ஆளே இல்லை. போலீஸ் தேடியது, கம்பெனி தேடியது. கலாஸ், ஓடிப்போனவன் என்று எழுதி முடித்துவிட்டார்கள்.

சாமானும் அந்தப் பெட்டியும் அல் கோபார் போய்ச் சேர்ந்தன. ஒரு வாரம் கழித்து மேடம் போன் செய்தார். காணாமல் போன கட்டை அவருடைய கைப்பையிலேயே இருந்ததாம். கணவர் ஞாபகமாக எடுத்து வைத்துக்கொண்டதை மறந்துவிட்டாராம். இப்போது ஒன்று கூடுதலாக இருக்கிறதே, அது மட்டும் ஏன் சூடாக இருக்கிறது என்று கேட்டார்.

அம்மையப்பன் ஒன்றுதான் கெஞ்சினான். அதைப் பின்னால் நகர்த்தி வையுங்கள் மேடம். அவரும் தினமும் நகர்த்தி வைக்கிறார். விடிந்தால் முந்தின நாள் இருந்த இடத்தைவிட ஒரு விரற்கடை முன்னால் போயிருக்கிறது. தினமும் போட்டோ அனுப்புகிறார். வரைபடத்தில் கடைசிப் பாலத்துக்கு அப்புறம் பாதை இல்லை. சண்டை நடந்த இடம்தான்.

இன்று சாயங்காலம், இன்றைக்கு வந்த போட்டோவை விஜயபாஸ்கர் எனக்குக் காட்டினான்.

பாலத்துக்கு இன்னும் ஒரு விரல்தான் இருக்கிறது.