மூன்று முறை கூவும் பறவை

கிட்ட வந்து உட்கார், மகளே. நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொள். நீ எங்கே இருக்கிறாய் என்று சத்தத்தை வைத்துத்தான் இப்போது எனக்குத் தெரிகிறது. சொட்டு மருந்தை அப்புறம் விடலாம், அதற்கு ஒன்றும் அவசரமில்லை. உனக்கு ஒரு கதை சொல்கிறேன். முக்கால்வாசி உனக்குத் தெரிந்த கதைதான். மீதிக் கால்வாசியை இருபத்தாறு வருடமாக நான் யாரிடமும் சொல்லவில்லை.

அந்தப் பறவைக்குப் பேர் என்ன என்று நேற்றுக் கேட்டாயே. உன் வகுப்புப் பிள்ளைகளுக்குச் சொல்லவேண்டும் என்று பறவைப் புத்தகம் பூராவும் தேடினாயாம். பனி இறங்கும்போது மூன்று முறை கூவி நிறுத்தி, மறுபடியும் மூன்று முறை கூவுகிற பறவை எதிலும் இல்லையாம். "நீங்க சொன்ன கதைதானே பெரியம்மா, பேர் மறந்துபோச்சா?" என்று சிரித்தாய். எனக்குத் தூக்கம் வருகிறது என்றேன். தூக்கம் வரவில்லை.

பேரிலிருந்து ஆரம்பித்தால் உனக்குப் புரியாது. வேலையிலிருந்து ஆரம்பிக்கிறேன்.

காலை ஏழு மணிக்கு ஆறு பேரைக் கூட்டிக்கொண்டு மலையேறி, உச்சிக்குக் கீழே உள்ள தட்டைப் பாறையில் சாப்பிட வைத்து, மாலை நாலு மணிக்கு இறக்கிக் கொண்டுவந்து விடவேண்டும். ஆறு பேருக்கு மேல் அழைத்துப்போகக் கூடாது. முன்னால் ஒரு வழிகாட்டி, கடைசியில் ஒரு வழிகாட்டி. முன்னால் நான். கடைசியில் உன் அப்பா. வருகிறவர்களிடம் அவர் தன்னை அறிமுகப்படுத்திக்கொள்வதே ஒரு வேடிக்கை. "அக்கா தலை, நான் வால். நடுவுல நீங்க எல்லாம் வயிறு. அதனால அப்பப்போ பசிக்கும், தப்பா நினைச்சுக்காதீங்க." பத்தொன்பது வருடம் அதே வாக்கியம். ஒவ்வொரு தடவையும் முதல்முறை சொல்வதுபோல் சொல்லுவார்.

அடிவாரத்தில் பதிவு அறை இருந்தது, நீ பார்த்திருக்கிறாய். அதன் சுவரில் ஒரு பலகை. பலகையில் எட்டு ஆணி, ஒவ்வொன்றிலும் எண் போட்ட பித்தளை வில்லை. ஏறும்போது ஆளுக்கொரு வில்லையை எடுத்துக்கொண்டு போகவேண்டும். இறங்கியதும் அவரவர் வில்லையை அவரவர் ஆணியில் மாட்டவேண்டும். ஐந்து மணிக்கு எந்த ஆணியாவது காலியாக இருந்தால் பதிவு அறைக்காரர் மணியடிப்பார், ஆட்கள் அடிபட்டவரைத் தூக்கிவரத் தூளியோடு மேலே போவார்கள். அவ்வளவுதான் ஏற்பாடு. எழுத்தறியாதவருக்கும் புரியும்.

ஆனால் பாதை முடிகிற இடத்திலிருந்து பதிவு அறைக்கு நாற்பத்திரண்டு படி ஏறவேண்டும். உன் அப்பாவுக்கு மூட்டுவலி. நாள் முழுக்க மலை இறங்கிவிட்டு, ஒரு வில்லை மாட்டுவதற்காக அந்தப் படியில் அவர் ஏறுவதைப் பார்க்க எனக்குப் பொறுக்கவில்லை. "உன் வில்லையை என்கிட்டயே குடுத்துடு. ரெண்டையும் நானே மாட்டிடறேன்" என்றேன். அன்றிலிருந்து எட்டாம் எண் வில்லை காலையிலேயே என் பைக்கு வந்துவிடும். அவர் கடைசியாக இறங்கி, கீழ்க்கதவைப் பூட்டிவிட்டு, பின்தெரு வழியாகச் சைக்கிளில் வீட்டுக்குப் போய்விடுவார். சட்டப்படி தப்பு. ஆனால் அதில் பிரியம் இருந்தது, மகளே. அதை மட்டும் நீ நம்பவேண்டும்.

கடைசி வருடம் என் கண்ணில் நடுவே ஒரு சாம்பல் பொட்டு விழுந்தது. ஓரமெல்லாம் தெரியும், நேரே பார்ப்பது தெரியாது. எதிரே நிற்பவரின் காது தெரியும், மூக்கு இருக்காது. பாதை என் கால்களுக்கு மனப்பாடம் என்பதால் யாருக்கும் தெரியவில்லை. உன் அப்பாவுக்குத் தெரிந்தது. நான் திருப்பத்தைத் தவறவிடப் போகிறேன் என்றால் பின்னாலிருந்து குரல் வரும். "அக்கா, இடது பக்கம் காட்சி நல்லா இருக்கும்." வந்தவர்கள் எல்லாரும் ஆசையாக இடது பக்கம் பார்ப்பார்கள். நான் இடது பக்கம் திரும்புவேன். அப்படி ஒரு வருடம் என்னைத் தாங்கினார்.

அன்றைக்கு வந்த ஆறு பேரில் ஒரு புது ஜோடி, பேசிக்கொண்டே வந்த மூன்று சிநேகிதிகள், ஒரு மருந்துக்கடைக்காரர். மருந்துக்கடைக்காரருக்கு மூச்சு வாங்கியது.

"இன்னும் எவ்வளவு தூரம்மா?"

"கால் மணி நேரம்."

"ஒரு மணி நேரமா அதையேதான் சொல்றீங்க."

பின்னாலிருந்து உன் அப்பா, "மலை வளர்ந்துக்கிட்டே இருக்கு சார், அக்கா என்ன பண்ணுவாங்க?" என்றார். எல்லாரும் உட்கார்ந்து சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

தட்டைப் பாறையில் மற்றவர்கள் சாப்பிடும்போது அவர் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். நான் ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தேன்.

"அக்கா, கோவிச்சுக்காதீங்க. நேத்து ஆபீஸ்ல எழுதிக் குடுத்துட்டேன். அடுத்த மாசத்துல இருந்து உங்களுக்குக் கீழ டிக்கெட் ஜன்னல்."

"என்ன எழுதின?"

"எழுத வேண்டியதைத்தான். போன வாரம் அந்த ரெண்டு பிள்ளைங்க விளிம்புல நின்னதை நீங்க பாக்கலை. நான் பாத்தேன்."

"டிக்கெட் கிழிக்கக் கண்ணு வேணாமா?"

"அது விரலுக்கே தெரியும். யோசிக்காம கேப்பேனா?"

எனக்குக் கோபம் வரவில்லை. ஆரஞ்சில் பாதியை அவரிடம் கொடுத்தேன், வாங்கிக்கொண்டார். அவர் சொன்னதில் ஒரு வார்த்தைகூடத் தப்பில்லை என்று எனக்குத் தெரியும். ஆனால் முன்னால் நடப்பதைத் தவிர எனக்கென்று எதுவும் இருக்கவில்லை. கணவர் இல்லை, பிள்ளை இல்லை. காலையில் ஆறு பேர் என் முதுகைப் பார்த்துக்கொண்டு நடந்தால்தான் எனக்கு ஒரு முகம் இருப்பதாகத் தோன்றும். நியாயம் சொல்லவில்லை. உள்ளதைச் சொல்கிறேன்.

இறங்கும்போது பனி மூடியது. சங்கிலி கட்டிய குறுகல் பாதையைத் தாண்டியபோது மருந்துக்கடைக்காரர் தலையைத் தடவினார். தொப்பியைப் பாறையிலேயே விட்டுவிட்டாராம், மகள் வாங்கிக்கொடுத்ததாம். "நீங்க அக்காவோட போங்க சார், நான் எடுத்துட்டு வந்துடறேன்" என்று உன் அப்பா திரும்பினார். வளைவில் காத்திருப்பதாகச் சொன்னேன்.

எங்கள் இருவர் கழுத்திலும் விசில் உண்டு. இரண்டு முறை ஊதினால் வந்துகொண்டிருக்கிறேன். மூன்று முறை ஊதினால் ஆபத்து, ஆள் வேண்டும். அது எங்கள் இருவருக்கு மட்டும் தெரிந்த பேச்சு.

கால் மணி நேரம் கழித்து மூன்று கேட்டது. கொஞ்சம் விட்டு, மறுபடி மூன்று.

பனிக்குள் விசில் விசிலாகக் கேட்காது. பஞ்சுக்குள் வைத்ததுபோல் மெல்லிசாக, உயிருள்ள ஏதோ ஒன்று கூப்பிடுவதுபோல் கேட்கும். புதுப்பெண்தான் முதலில் காதைக் கூர்மையாக்கினாள். "அது என்னங்க சத்தம்?"

அப்போது நான் சொன்னதை நன்றாகக் கேள். "எல்லாரும் கிட்ட வாங்க. ஒரு கதை சொல்றேன்" என்றேன்.

பனி வந்தால் துணையைத் தேடிக் கூவுகிற ஒரு பறவையின் கதையைச் சொன்னேன். நீ வந்தியா, நீ வந்தியா, நீ வந்தியா என்று மூன்று முறை கேட்குமாம். யாரும் பதில் குரல் கொடுக்கக் கூடாதாம். கொடுத்தால் அது துணையென்று நம்பித் தவறான திசையில் பறந்து செத்துப்போகுமாம். அந்த இடத்திலேயே, அந்த நிமிடமே கட்டிய கதை. நன்றாக வந்தது. புதுப்பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். ஒருவரும் பதில் குரல் கொடுக்கவில்லை. கதை சொல்லிக்கொண்டே அவர்களைக் கீழே அழைத்து வந்தேன். பாதிவழி வரைக்கும் கேட்டது. அப்புறம் கேட்கவில்லை.

அவர்களை வண்டியில் ஏற்றினேன். வால் எப்போதும் மெதுவாகத்தான் வரும், தொப்பி நாளைக்கு ஆபீசுக்கு வந்துவிடும் என்றேன். அவர்களுடைய ஆறு வில்லைகளையும் வாங்கிக்கொண்டு நாற்பத்திரண்டு படி ஏறினேன். பதிவு அறைக்காரர் தேநீர் குடித்துக்கொண்டிருந்தார், திரும்பவில்லை.

"எட்டும் வந்தாச்சா?"

நான் ஏழு வில்லைகளை மாட்டிவிட்டு நின்றேன். எட்டாவது என் உள்ளங்கையில் சூடாக இருந்தது. நான் மறுபடி மலையேற வேண்டியதில்லை, யாரிடமும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டியதில்லை. ஓர் ஆணியைக் காலியாக விட்டால் போதும். மற்றதைப் பலகை பார்த்துக்கொள்ளும்.

"வந்தாச்சு" என்று சொல்லி மாட்டினேன். கண் சரியாகத் தெரியாததால் ஆணியை விரலால் தடவிக் கண்டுபிடித்து மாட்டினேன்.

இருட்டியதும் உன் அம்மா பதிவு அறைக்குப் போன் செய்திருக்கிறாள். "வில்லை தொங்குதும்மா. இறங்கிட்டாரு. கூட்டாளிங்களோட எங்கயாவது உட்கார்ந்திருப்பாரு" என்று சொல்லியிருக்கிறார்கள். உனக்கு அப்போது ஏழு வயது. உன் அம்மா கோபித்துக்கொண்டு கதவைத் தாழ்போட்டுப் படுத்துவிட்டாள். அந்தத் தாழ்ப்பாளைச் சொல்லிச் சொல்லியே சாகும்வரை அழுதாள். பக்கத்தில் உட்கார்ந்து கையைப் பிடித்துக்கொண்டது நான்தான்.

மறுநாள் பத்து மணிக்குக் கண்டுபிடித்தார்கள். சங்கிலிப் பாதைக்குக் கீழே, இரண்டு ஆள் உயரப் பள்ளம்தான். தொடை எலும்பு முறிந்திருந்தது. விசில் பல்லுக்கிடையில் இருந்தது. தொப்பியை நனையாமல் மடித்துச் சட்டைக்குள் வைத்திருந்தார். விடியும்வரை உயிர் இருந்திருக்கும் என்றார் டாக்டர்.

விசாரணையில் நான் அழுதேன். "பழக்கத்துல மாட்டிட்டேன்யா" என்றேன். எல்லாரும் நம்பினார்கள். பதிவு அறைக்காரருக்கு வேலை போயிற்று. மருந்துக்கடைக்காரர் வருடம் தவறாமல் உங்கள் வீட்டுக்கு வந்து வாசலிலேயே நின்றுவிட்டுப் போவாரே, தன் தொப்பிதான் கொன்றது என்று நம்பியே போய்ச் சேர்ந்தார். அவரையும் நான்தான் தேற்றினேன். அப்படியெல்லாம் நினைக்காதீர்கள் என்று சொன்னேன். உண்மையைத்தான் சொன்னேன்.

அடுத்த மாதம் ஆபீசில் கூப்பிட்டு, உன் அப்பா எழுதிக்கொடுத்த காகிதத்தைப் படித்துக் காட்டினார்கள். 'அக்காவுக்கு முதுகுவலி. பத்தொன்பது வருடம் உழைத்தவர். உட்கார்ந்து பார்க்கிற வேலை கொடுத்தால் நல்லது.' கண் என்ற சொல்லே அதில் இல்லை. முதுகு நன்றாகத்தான் இருக்கிறது என்று சொல்லிவிட்டேன். இன்னும் பதினோரு மாதம் முன்னால் நடந்தேன். அதற்குமேல் எதிரே நிற்பவரின் காதுகூடத் தெரியவில்லை. நானாகவே போய் டிக்கெட் ஜன்னலைக் கேட்டு வாங்கிக்கொண்டேன். அவர் சொன்னது சரி, அது விரலுக்கே தெரிந்தது.

அப்புறம் நடந்ததெல்லாம் உனக்குத் தெரியும். உன்னைப் படிக்க வைத்தேன், உன் கல்யாணத்தில் முன்னால் நின்றேன். நீ காய்ச்சலில் கிடந்தபோதெல்லாம் அந்தப் பறவைக் கதையைத்தான் கேட்பாய். ஒருநாள், "அப்பா மலையில இருந்தப்போ அந்தப் பறவை கூவுச்சா பெரியம்மா?" என்று கேட்டாய். கூவியது என்றேன். "யாரும் பதில் சொல்லலை, இல்ல? அது நல்லதுதானே?" என்றாய். நல்லதுதான் என்று சொல்லிப் போர்வையை இழுத்துவிட்டேன்.

அந்தப் பறவைக்குப் பேர் உன் அப்பாவின் பேர், மகளே. அவர் கூப்பிட்டார், எனக்குக் கேட்டது. பள்ளத்தில் நான் தள்ளவில்லை. மற்றது எல்லாம் நான்தான்.

என்னைப் பெரியம்மா என்று நீ கூப்பிட்ட ஒவ்வொரு தடவையும் எனக்கு மூன்று முறை கேட்டது. இருந்தாலும் கூப்பிடவேண்டும் என்றுதான் இருந்தது. உனக்கு நான் ஒரு குறையும் வைக்கவில்லை என்றுதான் நினைக்கிறேன். உன் அப்பா இருந்திருந்தாலும் இதைவிட நன்றாக உன்னைப் பார்த்துக்கொண்டிருப்பாரா என்றுகூடச் சில நாள் தோன்றும்.

நாற்காலி நகர்ந்த சத்தம் கேட்டது. இருக்கிறாயா, மகளே?

இருக்கிறாயா?

இருக்கிறாயா?

சரி. பதில் சொல்லாமல் இருப்பது நல்லதுதான், நான்தானே சொல்லிக்கொடுத்தேன். சொட்டு மருந்து ஜன்னல் ஓரத்தில் இருக்கிறது, நாளைக்கு வந்து விட்டால் போதும். உன் வீடு நன்றாக இருக்கட்டும். உன் வாசலைத் தாண்டிப் போகிறவர்கள் எல்லாரும் போன காலோடு திரும்பி வரட்டும். உன் வீட்டுச் சுவரில் ஓர் ஆணியும் ஒருநாளும் காலியாக இருக்க வேண்டாம்.