தாரிக் குதிக்கிறார்

— சட்டையைக் கழட்டுங்க தாரிக் பாய். நேரமாச்சு.

— இந்தா செம்பியா, பிடி. கிரேன் கேபினுக்குள்ள நாம சட்டை மாத்துறது கீழ யாருக்கும் தெரியாது. ஒன் சட்டையைக் கொடு.

— வேர்வையா இருக்கு.

— இருபது வருஷமா ஒன் வேர்வையைத்தானே போட்டுக்கிட்டிருக்கேன்.

— அதையேதான் நேத்து அல்லியும் சொன்னா.

— ஒம் பொண்டாட்டிக்கு எப்படித் தெரியும்?

— சொல்லிட்டேன்.

— யாருக்கும் சொல்றதில்லன்னு பேச்சு.

— தோள்பட்டை எறங்கிப்போய் சோத்தை இடது கையால திங்கிறேன் பாய். எத்தனை நாளைக்கு மாடு முட்டிடுச்சுன்னு சொல்றது? எங்க வீட்ல மாடே கெடையாது.

— ரெண்டாவது படத்துல முதுகு ஒடைஞ்சப்ப நான் பேசாம கராத்தே கிளாஸுக்கே திரும்பிப் போயிருப்பேன். நான் குதிக்கிறேன், நீங்க மொகத்தைக் காட்டுங்கன்னு சொன்னது நீதான்.

— சொன்னேன். வெளி டைரக்டர் எவனும் கண்டுபிடிக்கக் கூடாதுன்னு நீங்களும் சொந்தக் கம்பெனி ஆரம்பிச்சீங்க. டூப்பே போடாத நடிகன்னு பேரு வாங்கிட்டீங்க. நான் கேட்டது ஒண்ணே ஒண்ணு. டைட்டில்ல எம் பேரு.

— இன்ஷா அல்லாஹ், அடுத்த படத்துல.

— எனக்கு இதுதான் கடைசி. வழக்கமா நான் கல்லு மறைவுல பதுங்குவேன், நீங்க பின்பக்கமா எறங்கி, நனைஞ்சுகிட்டு வந்து கரையேறுவீங்க. இன்னைக்கு நானே ஏறிடுவேன். டிவிகாரங்க மைக்கை நீட்டுவாங்க. பேசுவேன்.

— கீழ எம் மக நௌஷின் நிக்கிறா.

— அல்லியும் நிக்கிறா. இதுவரைக்கும் ஷூட்டிங் பக்கமே வராதவ.

— சரி. ஒன் இஷ்டம்.

— கோவமா பாய்?

— இல்லப்பா.

— படகு எங்க? கண்ணுல படலியே.

— கேமராவுல விழும்னு கல்லுக்குப் பின்னால நிறுத்தியிருக்கு. நீ குதிச்சதும் நான் வாக்கி டாக்கியில கூப்பிடுறேன்.

— மறந்துடாதீங்க. நான் எங்க ஊரு குரும்பகரத்துக் கொளத்துல நீந்துனவன். இந்த அலையில இந்தத் தோளை வச்சுக்கிட்டு ரொம்ப நேரம் தாங்க மாட்டேன்.

— மறப்பேனா?

— செம்பியா, கீழேருந்து ஸ்டண்ட் மாஸ்டர் மருதையன் பேசுறேன். பாய் ரெடியா?

— ரெடி மாஸ்டர். எல்லாம் பாத்தாச்சு.

— கேமரா ஓடுது. குதிக்கச் சொல்லு.

— வாக்கியை வாங்கிக்குங்க பாய். இனி நீங்க அசிஸ்டென்ட் செம்பியன், நான் ஹீரோ தாரிக்.

— பிஸ்மில்லா சொல்லிட்டுக் குதி.

— நான் எங்க அய்யனாரைக் கூப்பிட்டுக்கிறேன்.

— டேய் செம்பியா, பாத்தியா? என்னா குதி குதிச்சாரு பாய்! விசில் மேல வரைக்கும் கேக்குதா?

— கேக்குது மாஸ்டர்.

— கொரல் ஏன் ஒரு மாதிரி இருக்கு?

— காத்து.

— பாய் இன்னும் தலை தூக்கல.

— ம்.

— அவரு கடல்கார வீட்டுப் புள்ள. எப்பவும் உள்ளயே நீந்திப் போயி தூரத்துலதானே எந்திரிப்பாரு. அதான் எவனும் பதறல. வேற ஆளா இருந்தா இந்நேரம் பத்துப் பேரு தண்ணியில எறங்கியிருப்பானுவ.

— ஆமா மாஸ்டர்.

— ஒம் பொண்டாட்டிதான் என்னமோ கத்திக்கிட்டு தண்ணிக்குள்ள ஓடுது. பாயோட மக அத கட்டிப்புடிச்சுக்கிட்டு, எங்க வாப்பா வந்துடுவாருக்கா, பயப்படாதீங்கன்னு சிரிக்குது.

— புடிச்சுக்கச் சொல்லுங்க. உள்ள விட வேணாம்.

— கீழேருந்து அலை மறைக்குதுடா. மேலேருந்து ஒனக்கு எதாச்சும் தெரியுதா?

— தெரியுது. கை ஒண்ணு.

— கையா? பக்கத்துலதான் படகு நிக்குது. அனுப்பவா?

— வேணாம் மாஸ்டர். கேமராவைப் பாத்துக் கையாட்டுறாரு.