வலது கையில் பச்சைக் கல் மோதிரம்

என் பெயர் பக்தவத்சலம், வயது 46, த/பெ முனியன். முத்தாபுதுப்பேட்டையில் மனைவி நாகம்மாவுடன் குடியிருந்து வருகிறேன். பாடியில் ஒரு பிரஸ் கம்பெனியில் ஆபரேட்டராக இருந்தேன். நான்கு வருடம் முன்பு பிரஸ்ஸில் சிக்கி என் வலது கை மணிக்கட்டோடு போய்விட்டது. அதன் பிறகு ஸ்டோரில் வேலை பார்க்கிறேன்.

கடந்த ஜூன் 6ஆம் தேதி ஆபரேட்டர் மோகன் அதே பிரஸ்ஸில் நசுங்கி இறந்தார். அதன் பிறகு எனக்குத் தூக்கம் இல்லாததால் மேனேஜர் ஸ்ரீகாந்த் என்னைக் குமணன்சாவடியில் உள்ள நினைவுச் சிகிச்சை மையத்துக்குக் கூட்டிப்போனார். மூன்று முறை தலையில் பட்டை மாட்டினார்கள். அதன் பிறகு மோகனைக் கொன்றது நான்தான் என்பது நினைவுக்கு வந்தது. சிக்கிய தகட்டை எடுக்க அவர் உள்ளே குனிந்தபோது நான் இரண்டு பட்டனையும் அமுக்கினேன். என் இரண்டு கைகளும் கண்ணுக்குத் தெரிகின்றன. வலது கையில் பச்சைக் கல் மோதிரம். சோற்றில் கை வைத்தால் பிரஸ் இறங்கிய அந்தச் சத்தம் கேட்கிறது.

உப்பைத் தின்றவன் தண்ணீர் குடித்துத்தான் ஆகவேண்டும் என்று இன்று, ஜூலை 20, காலை சரணடையக் கிளம்பினேன். அப்போது நாகம்மா வழிமறித்து, "யோவ், ரெண்டு கையாலயும் அமுக்குனாத்தான அந்த மிசினு எறங்கும்? ஒத்தக் கைய வெச்சிகினு நீ இன்னாத்த அமுக்குன?" என்று கேட்டாள். அவள் சொன்னது சரி. இரண்டு பட்டன் வைத்ததே என் கை போன பிறகுதான். எனக்கு மோதிரமும் கிடையாது. பச்சைக் கல் மோதிரம் போடுகிறவர் ஸ்ரீகாந்த்.

அதன் பிறகு இருவரும் இந்த நிலையத்துக்கு வந்து மேற்படி விவரத்தைச் சொன்னோம். எழுதிக்கொண்டிருந்த ஏட்டையா பாதியில் நிறுத்தி, மோகன் இறப்பு சம்பந்தமான காகிதக் கட்டை எடுத்துப் பிரித்தார். அதில் ஜூன் 28ஆம் தேதியிட்டு, ஸ்ரீகாந்தின் மோதிரம் வரை இதே வாக்குமூலம் இருந்தது. கீழே என் இடது பெருவிரல் ரேகை. சாட்சியாக நாகம்மாவின் கையெழுத்து.

நான் அன்று வந்ததாக நினைவில்லை. நாகம்மா அதை வெகுநேரம் பார்த்துவிட்டு, "என் கையெழுத்துதான்யா. ஆனா நான் இந்த டேசன் படி ஏறுனதே இல்லியே" என்றாள். எழுத்து யாருடையது என்று கேட்டேன். தன்னுடையதுதான் என்றும், எழுதியது தனக்கும் நினைவில்லை என்றும் ஏட்டையா சொன்னார். எனக்குப் பயமாக இருக்கிறது.

மறுபடியும் எங்களை மறக்க வைத்துவிடுவார்கள் என்பதால் இதன் நகலை எங்களிடம் தர வேண்டாம். திருத்தணியில் இருக்கும் என் மகள் கார்த்திகாவுக்கு இன்றே அனுப்பும்படி கேட்டுக்கொள்கிறேன்.

படித்துக் காட்டக் கேட்டேன். நான் சொன்னபடியே உள்ளது. இன்றைய தேதிக்கு இது உண்மை.

(இடது பெருவிரல் ரேகை)
பக்தவத்சலம்

சாட்சி: நாகம்மா